இரண்டரைக் கிலோ நாய்க்கு மருந்து கொடுக்கும் முறை

30 கிலோ லாப்ரடாரின் எடையைக் கணிப்பதில் அரைக் கிலோ பிசகினால், அதற்குக் கொடுக்கும் மருந்தின் அளவில் 2 சதவீதத்துக்கும் குறைவான வேறுபாடே உண்டாகும். 2.5 கிலோ பொமரேனியனிடம் அதே அரைக் கிலோ பிசகினால் வேறுபாடு 20 சதவீதம். சிவாவா, யார்க்ஷயர் டெரியர், மால்டீஸ், டாய் பூடில், ஷிட்சு, மினியேச்சர் பின்ஷர் முதலிய டாய் ரக நாய்களுக்கு வீட்டில் மருந்து கொடுக்கும்போது நேரும் ஆபத்துகளில் பெரும்பாலானவை இந்தக் கணக்கிலிருந்தே கிளைக்கின்றன. கடையில் கிடைக்கும் மாத்திரைகளும் சிரப்புகளும் பெரும்பாலும் மனிதருக்காகவோ பெரிய நாய்க்காகவோ தயாரிக்கப்பட்டவை என்பதால், அவற்றைக் கால் பங்காகவும் அரைக்கால் பங்காகவும் பிரிக்கும் பொறுப்பு வீட்டில் உள்ளவரிடம் வந்து சேர்கிறது. எந்த மருந்து, எத்தனை நாள் என்பவற்றைக் கால்நடை மருத்துவரே முடிவு செய்ய வேண்டும். அவர் எழுதித் தந்ததைச் சரியான அளவில், நாய்க்குத் தீங்கு நேராமல் வயிற்றுக்குள் சேர்ப்பது பற்றியே இங்கு எழுதுகிறேன்.

எடையும் மருந்துச் சீட்டும்

ஒவ்வொரு முறை மருந்து தொடங்கும்போதும் நாயின் அன்றைய எடையைப் பார்த்தாக வேண்டும். இனத்தின் பெயரை வைத்து எடையை ஊகிக்கக் கூடாது. உண்மையான பொமரேனியன் 1.4 முதல் 3.2 கிலோ வரைதான் இருக்கும். ஆனால் நம் ஊர்களில் பொமரேனியன் என்ற பெயரில் வளர்க்கப்படும் வெள்ளை நாய்களில் பல இந்தியன் ஸ்பிட்ஸ் வகையைச் சேர்ந்தவை, அவற்றின் எடை எளிதாக இரண்டு மடங்கு இருக்கும். ஆகவே, "எங்கள் பொமரேனியனுக்கு இவ்வளவுதான் கொடுத்தோம்" என்று பக்கத்து வீட்டார் அன்போடு சொல்லும் அளவு உங்கள் நாய்க்கு இருமடங்காக இருக்கக்கூடும். நாம் ஏறி நின்று எடை பார்க்கும் பொறியில் நாயைத் தூக்கிக்கொண்டு நின்று, பின் நம் எடையைக் கழித்துக்கொள்ளும் முறை பெரிய நாய்க்குப் பொருந்தும். 2 கிலோ நாய்க்கு அதன் பிழையே மிகையாகிவிடும். கைக்குழந்தைகளை எடை பார்க்கும் பொறியோ, 5 அல்லது 10 கிலோ வரை காட்டும் சமையலறை டிஜிட்டல் தராசோ இருந்தால், அதன் மேல் ஒரு கூடையை வைத்துப் பூஜ்ஜியமாக்கிவிட்டு நாயை அதில் உட்கார வைத்து, எண் நிலைக்கும் வரை காத்திருந்து, மூன்று முறை பார்த்துக் குறித்துக்கொள்ளுங்கள். வளரும் குட்டியாக இருந்தால் சிகிச்சை நடக்கும் காலத்தில் வாரம் ஒரு முறையாவது பார்க்க வேண்டும்.

மருத்துவர் சீட்டு எழுதும்போது, மருந்தின் பெயரோடு அது எத்தனை மில்லிகிராம், அந்த மில்லிகிராம் எத்தனை மில்லிலிட்டர் அல்லது மாத்திரையின் எத்தனையாவது பங்கு, எத்தனை மணி நேரத்துக்கு ஒரு முறை, உணவுக்கு முன்பா பின்பா என்பவற்றைக் கேட்டு எழுதி வாங்குங்கள். இதைக் கேட்பதில் தயக்கமே வேண்டாம். நல்ல மருத்துவர் எவரும் இதற்காக முகம் சுளிக்க மாட்டார். மில்லிகிராமும் மில்லிலிட்டரும் இரண்டும் சீட்டில் இருந்தால், மருந்துக் கடையில் வேறு நிறுவனத்தின் புட்டியைக் கொடுக்கும்போது வரும் பிழையை நீங்களே கண்டுபிடித்துவிடலாம்.

எடுத்துக்காட்டாக, தமிழ்நாட்டில் நாய் வளர்ப்போர் அடிக்கடி சந்திக்கும் உண்ணிக் காய்ச்சலுக்கு மருத்துவர்கள் வழக்கமாக எழுதும் டாக்ஸிசைக்ளினை எடுத்துக்கொள்வோம். கிலோவுக்கு 10 மி.கி. வீதம் நாளுக்கு ஒரு முறை என்று அவர் எழுதினால், 2.5 கிலோ நாய்க்கு 25 மி.கி. வேண்டும். 100 மி.கி. மாத்திரையாக இருந்தால் அது கால் மாத்திரை. 5 மி.லி.யில் 50 மி.கி. என்று அச்சிட்ட சிரப்பாக இருந்தால், 1 மி.லி.யில் 10 மி.கி. இருக்கிறது என்று பொருள், எனவே 2.5 மி.லி. கொடுக்க வேண்டும். புட்டியின் மேல் பெரிதாகத் தெரியும் எண் எத்தனை மி.லி.க்கு உரியது என்பதைப் பார்க்காமல் 50 என்ற எண்ணை மட்டும் வைத்துக் கணக்குப் போட்டால் ஐந்தில் ஒரு பங்குதான் உள்ளே போகும், காய்ச்சல் தணியாது. எதிர்த்திசையில் பிசகினால் விளைவு இன்னும் கொடியது. வலிக்கும் வீக்கத்துக்கும் நாய்களுக்கு எழுதப்படும் மெலாக்சிகாம் திரவம் 1 மி.லி.க்கு 0.5 மி.கி. அளவிலும் 1.5 மி.கி. அளவிலும் உண்டு. தொடர்ந்து கொடுக்கும் நாட்களில் கிலோவுக்கு 0.1 மி.கி. என்பது வழக்கமான அளவு, 2.5 கிலோ நாய்க்கு 0.25 மி.கி. அது முதல் புட்டியில் 0.5 மி.லி., இரண்டாவதில் சுமார் 0.17 மி.லி. மட்டுமே. புட்டி மாறியதைக் கவனிக்காமல் பழைய 0.5 மி.லி.யையே கொடுத்துவந்தால், வயிற்றுப் புண்ணையும் சிறுநீரகப் பாதிப்பையும் உண்டாக்கக்கூடிய மருந்து நாள்தோறும் மூன்று மடங்கு செல்லும்.

0.17 மி.லி.யைக் கரண்டியிலோ புட்டி மூடியிலோ அளக்க இயலாது. ஊசி கழற்றிய 1 மி.லி. சிரிஞ்சு இதற்குத் தேவை. அதில் ஒவ்வொரு சிறு கோடும் 0.01 மி.லி. இங்கே ஓர் எச்சரிக்கையை அழுத்திச் சொல்ல வேண்டியிருக்கிறது. சர்க்கரை நோயாளிகள் உள்ள வீடுகளில் இன்சுலின் சிரிஞ்சு கைக்கு எளிதில் கிடைக்கும். அதில் உள்ள எண்கள் மில்லிலிட்டர் அல்ல, இன்சுலின் யூனிட். இந்தியாவில் 40 யூனிட் சிரிஞ்சும் 100 யூனிட் சிரிஞ்சும் இரண்டுமே விற்பனையில் உள்ளன. முதலாவதில் 40 என்ற கோடு 1 மி.லி., இரண்டாவதில் 100 என்ற கோடு 1 மி.லி. "20 வரை இழுங்கள்" என்று தொலைபேசியில் ஒருவர் சொன்னால், ஒரு சிரிஞ்சில் 0.5 மி.லி.யும் மற்றதில் 0.2 மி.லி.யும் வரும். அதனால் மி.லி. என்று அச்சிட்ட சிரிஞ்சையே வாங்கி, கொடுக்க வேண்டிய கோட்டின் மேல் நிலைத்த மையால் அடையாளமிட்டு, அந்த மருந்துக்கென்றே தனியாக வைத்துக்கொள்வது நல்லது. இழுத்த பிறகு சிரிஞ்சை நிமிர்த்தித் தட்டிக் காற்றுக் குமிழியை வெளியேற்றுங்கள். இத்தனை சிறிய அளவில் குமிழியின் இடமும் கணக்கில் சேரும்.

சிரப்பைக் குலுக்காமல் கொடுத்தால் மேலே தெளிந்த நீரும், புட்டி தீரும் நாட்களில் அடியில் தங்கிய முழு மருந்துமாகச் செல்லும். தூளாக வரும் ஆன்டிபயாட்டிக் சிரப்பில், கொதித்து ஆறிய நீரைக் கோடு வரை ஊற்றி நன்கு குலுக்கி, நுரை அடங்கியபின் மீண்டும் கோட்டைச் சரிபார்க்க வேண்டும். அமாக்சிசிலினும் கிளாவுலனிக் அமிலமும் கலந்த சிரப்பைக் குளிர்சாதனப் பெட்டியில் வைத்து, சீட்டில் குறித்த நாட்களுக்குள், பெரும்பாலும் 7 நாட்களுக்குள், பயன்படுத்தி முடித்துவிட்டு மீதியைக் கொட்டிவிட வேண்டும்.

வீட்டு மருந்துப் பெட்டியை மூடி வையுங்கள்

காய்ச்சலில் சுருண்டு கிடக்கும் சிறு நாயைப் பார்க்கும்போது, குழந்தைக்குக் கொடுக்கும் காய்ச்சல் மருந்தைக் கொஞ்சம் கொடுத்தால் என்ன என்று மனம் நினைப்பது இயல்பு. நாய்க்கு பாரசிட்டமால் கிலோவுக்குச் சுமார் 100 மி.கி.யைத் தாண்டும்போது கல்லீரலுக்கும் இரத்தத்துக்கும் நஞ்சாகிறது; அதற்குக் குறைவான அளவிலும் பாதிப்பு தோன்றக்கூடும். 2 கிலோ சிவாவாவுக்கு ஒரு 500 மி.கி. மாத்திரை கொடுத்தால் அது கிலோவுக்கு 250 மி.கி., 650 மி.கி. மாத்திரையானால் 325 மி.கி. இபுப்ரோஃபென் 400 மி.கி. மாத்திரை ஒன்று அதே நாய்க்குக் கிலோவுக்கு 200 மி.கி. ஆகும், அது சிறுநீரகம் செயலிழக்கும் எல்லையைக் கடந்த அளவு. டைக்ளோஃபெனாக் என்ற வலி மருந்தையும் நாயின் பக்கமே கொண்டு போகக் கூடாது. நாய்களுக்கு உரிய மெலாக்சிகாமே ஆனாலும், மனிதருக்கான 7.5 மி.கி. மாத்திரையை 2 கிலோ நாய் விழுங்கினால் உரிய அளவைப்போல் 37 மடங்கு ஆகிவிடும்.

உண்ணிக்கும் சொறிக்கும் கடைக்காரரிடம் கேட்டு வாங்கப்படும் ஐவர்மெக்டின் இன்னொரு பெரும் ஆபத்து. 12 மி.கி. மாத்திரை ஒன்று 2 கிலோ நாய்க்குக் கிலோவுக்கு 6 மி.கி.; நடுக்கம், தள்ளாட்டம், பார்வை மங்கல், மயக்கம் ஆகியவற்றை உண்டாக்க அந்த அளவே போதும். மாடுகளுக்கான ஊசி மருந்தில் 1 மி.லி.யிலேயே 10 மி.கி. இருக்கிறது. மருத்துவரின் கணக்கு இல்லாமல் இதைத் தொடவே வேண்டாம்.

மாத்திரையைப் பிரித்தல்

மருந்துக் கடையில் கிடைக்கும் மாத்திரை வெட்டியைப் பயன்படுத்துங்கள். கத்தியால் அழுத்தினால் ஒரு பாதி பெரிதாகவும் மறு பாதி தூளாகவும் போகும். வெட்டியால் வெட்டினாலும் நான்கு கால் துண்டுகளும் ஒரே அளவில் அமைவது அரிது. டாக்ஸிசைக்ளின் போன்ற, சிறு ஏற்ற இறக்கத்தைத் தாங்கும் மருந்தாக இருந்தால், ஒரு மாத்திரையை முழுதாக நான்காக்கி, அந்த நான்கையும் அடுத்தடுத்த வேளைகளில் தீர்த்துவிட்டு அடுத்த மாத்திரையை வெட்டுவது நல்லது. ஒரு நாள் சற்றுக் கூடினால் மறுநாள் குறைந்து ஈடாகும். வலிப்புக்கான ஃபீனோபார்பிடோன், இதயத்துக்கான மருந்துகள் முதலியவற்றில் இப்படி விட்டுவிட முடியாது. அவற்றைத் திரவமாகவோ குறைந்த மில்லிகிராம் மாத்திரையாகவோ எழுதித் தரும்படி கேளுங்கள். இதய வால்வு நோய் வந்த முதிய சிவாவாக்களுக்கு எழுதப்படும் பிமோபென்டானில் 1.25 மி.கி. மாத்திரை உண்டு; அது கிடைக்கும்போது 5 மி.கி. மாத்திரையை எட்டாக உடைக்க முயல்வது தேவையற்ற ஆபத்து.

நடுவில் கோடு இல்லாத, பளபளப்பான மேலுறை உள்ள மாத்திரைகளையும், பெயருக்குப் பின்னால் எஸ்.ஆர்., ஈ.ஆர்., எக்ஸ்.எல். முதலிய எழுத்துகள் உள்ளவற்றையும் கேட்காமல் உடைக்காதீர்கள். நாள் முழுதும் மெல்லக் கரைய வேண்டிய மருந்து, உடைத்தால் ஒரே நேரத்தில் இரத்தத்தில் கலந்துவிடும். கேப்ஸ்யூலைத் திறந்து தூளைக் கண்ணளவில் நான்காகப் பிரிப்பதும் கூடாது. குடற்புழு நீக்க மாத்திரைகளில் பல 10 கிலோவுக்கு ஒன்று என்ற கணக்கில் தயாரிக்கப்படுகின்றன, 2.5 கிலோ நாய்க்குக் கால் மாத்திரைதான். வெட்டிய துண்டுகளை ஈரம் புகாத சிறு டப்பாவில், மாத்திரையின் பெயர் தெரியும் அட்டைத் துண்டோடு சேர்த்து வையுங்கள்.

உணவில் வைத்துக் கொடுத்தல்

நாய் தானாக விழுங்கிவிட்டால் அதைவிடப் பாதுகாப்பான வழி இல்லை. வேகவைத்த கோழி இறைச்சி, மசித்த ஈரல், நன்கு பிசைந்த இட்லி ஆகியவற்றில் ஒன்றைப் பட்டாணி அளவில் மூன்று உருண்டையாக உருட்டிக்கொள்ளுங்கள். முதல் உருண்டையில் மருந்து இல்லை, இரண்டாவதில் இருக்கிறது, அது வாய்க்குள் போகும்போதே மூன்றாவதை மூக்கின் முன் காட்டினால், அதைப் பெறும் அவசரத்தில் நாய் இரண்டாவதை மெல்லாமல் விழுங்கிவிடும். மருந்து தொட்ட விரலால் வெற்று உருண்டைகளைத் தொட வேண்டாம். கசப்பு ஒருமுறை தெரிந்துவிட்டால் மறுநாள் உருண்டையே விலைபோகாது. கிண்ணம் நிறையச் சோற்றில் மருந்தைத் தூளாக்கிக் கலப்பதை நான் பரிந்துரைக்க மாட்டேன். நாய் பாதியை விட்டுவிட்டால், எவ்வளவு மருந்து உள்ளே போயிற்று என்பது யாருக்கும் தெரியாது.

எதில் வைத்துக் கொடுக்கிறோம் என்பதும் முக்கியம். பாலிலும் தயிரிலும் பன்னீரிலும் உள்ள கால்சியம் டாக்ஸிசைக்ளினையும் என்ரோஃப்ளோக்சசின் என்ற ஆன்டிபயாட்டிக்கையும் பற்றிக்கொண்டு, உடலில் சேரவிடாமல் தடுக்கும். உண்ணிக் காய்ச்சலுக்கு மருந்து உண்ணும் நாய்க்கு அந்த வேளையில் தயிர்ச்சோறு வேண்டாம். நெய், வெண்ணெய் விரல்நுனி அளவைத் தாண்ட வேண்டாம்; யார்க்ஷயர் டெரியர் போன்ற சிறு இனங்களில் கொழுப்பு மிகுந்த உணவு கணைய அழற்சியைத் தூண்டக்கூடும். சாக்லேட், உலர்திராட்சை, வெங்காயமும் பூண்டும் சேர்ந்த குழம்புச் சோறு ஆகியவை நாய்க்கு நஞ்சு என்பதால் அவற்றில் மறைப்பது அறவே கூடாது. சர்க்கரை சேர்க்காதது என்று எழுதிய இனிப்புகளிலும், சில வேர்க்கடலை வெண்ணெய்களிலும், சில மனித சிரப்புகளிலும் சைலிடால் என்ற இனிப்பூட்டி உண்டு; கிலோவுக்கு 0.1 கிராம் போனாலே நாயின் இரத்தச் சர்க்கரை சரியும். 2.5 கிலோ நாய்க்கு அது கால் கிராம்தான். ஒரே ஒரு சூயிங் கம் துண்டிலேயே அந்த அளவு இருக்கக்கூடும்.

கையால் கொடுத்தல்

உணவை மறுக்கும் நாய்க்குக் கையால்தான் கொடுக்க வேண்டும். தரையில் உட்கார்ந்து, மடித்த துண்டு ஒன்றை விரித்து, நாயின் முதுகு உங்கள் வயிற்றோடு ஒட்டியிருக்கும்படி கால்களுக்கிடையே அமர்த்திக்கொள்ளுங்கள். மேசை மீதோ தோளிலோ வைத்துக் கொடுக்கக் கூடாது. டாய் ரக நாய்களின் முன்னங்கால் எலும்புகள் மிகச் சன்னமானவை, திமிறிக் குதித்து விழும் ஒரே விழுகையில் முறிந்துவிடும். பிடரித் தோலைக் கொத்தாகப் பற்றி இழுப்பதும் கூடாது. பக், ஷிட்சு, பீக்கிங்கீஸ் போன்ற தட்டை முக நாய்களின் கண் குழி ஆழமற்றது. பிடரியை இறுக்கி இழுத்தால் கண்விழி வெளியே பிதுங்கிவிடும் ஆபத்து உண்மையிலேயே உண்டு. பொமரேனியனுக்கும் யார்க்ஷயர் டெரியருக்கும் மூச்சுக்குழாய் தளர்ந்து ஒடுங்கும் நோய் மிகுதி என்பதால் கழுத்துப்பட்டையைப் பிடித்து நிறுத்தாதீர்கள். சிவாவாக்களில் சிலவற்றுக்கு வளர்ந்த பிறகும் உச்சந்தலை எலும்பு மூடாமல் மென்மையான இடம் இருக்கும். அதில் விரல் அழுந்தக் கூடாது. திமிறும் நாயைத் துண்டால் தளர்வாகச் சுற்றி, முகம் மட்டும் வெளியே தெரியும்படி வைத்துக்கொண்டால் இருவருக்கும் எளிது. ஆனால் நெஞ்சு விரிந்து சுருங்க இடம் இருக்க வேண்டும்.

மேல் தாடையை மேலிருந்து பிடித்து, கட்டைவிரலையும் ஆள்காட்டி விரலையும் இரு பக்கக் கோரைப் பற்களுக்குச் சற்றுப் பின்னால் வையுங்கள். மூக்குத் துளைகள் மூடிக்கொள்ளக் கூடாது. மறு கையின் நடுவிரலால் கீழ் முன்பற்களின் மேல் மெல்ல அழுத்தினால் வாய் திறக்கும். அதே கையின் மற்ற இரு விரல்களில் பிடித்திருக்கும் துண்டை நாக்கின் நடுவில், இயன்ற வரை பின்னால் வைத்து, வாயை மூடி, தலையை இயல்பான நிலைக்குக் கொண்டுவந்து தொண்டையை மேலிருந்து கீழாக வருடுங்கள். தொண்டைக்குள் எறிவதோ விரலால் திணிப்பதோ வேண்டாம். நாய் நாக்கை நீட்டி மூக்கை நக்கினால் பெரும்பாலும் விழுங்கிவிட்டது என்று கொள்ளலாம். இவற்றின் வாய் பெரியவர் விரலுக்கு மிகக் குறுகியது என்பதால், முனையில் மென்மையான ரப்பர் உள்ள மாத்திரை செலுத்தியை வாங்கிக்கொள்வது நல்லது. பல் நோய் இந்த இனங்களில் சிறு வயதிலேயே வரும். பழகிய நாய் திடீரென்று வாயைத் தொடவிடாமல் உறுமினால், அடம் என்று எண்ணாமல், வலி இருக்கிறதா என்று மருத்துவரிடம் காட்டுங்கள்.

மாத்திரை போனதும் வேலை முடிந்தது என்று எழுந்துவிடக் கூடாது. வெட்டிய துண்டுக்கு மேலுறை இல்லை. அது உணவுக்குழாயில் ஒட்டிக்கொண்டு நின்றுவிட்டால், டாக்ஸிசைக்ளின் போன்ற மருந்து அந்த இடத்தை அரித்துப் புண்ணாக்கி, ஆறும்போது குழாயையே சுருக்கிவிடக்கூடும். அதனால் உடனே ஒரு வாய் ஈரமான உணவு கொடுக்க வேண்டும், அல்லது சிரிஞ்சில் 3 முதல் 5 மி.லி. நீரைச் சிறிது சிறிதாகக் கொடுக்க வேண்டும். உலர்ந்த தொண்டையில் மாத்திரையைப் போட்டுவிட்டு நாயைப் படுக்க விடாதீர்கள்.

திரவ மருந்து

பாலாடையால் குழந்தைக்குப் புகட்டிய பழக்கத்தில் நாயை மல்லாத்தி வாயில் ஊற்றுபவர்களைப் பார்க்கிறோம். டாய் ரக நாய்க்கு இதைவிட ஆபத்தான முறை வேறில்லை. தலை பின்னால் சாயும்போது மூச்சுக்குழாயின் வாய் திறந்து, மருந்து நேராக நுரையீரலுக்குள் இறங்கி நிமோனியாவை உண்டாக்கும். அத்தனை சிறிய நுரையீரலுக்கு 1 மி.லி. கூடப் பெரிய சுமை.

நாயை நிமிர்ந்து உட்கார வைத்து, மூக்கு தரைக்கு இணையாக இருக்கட்டும். உதட்டின் ஓரத்தை மெல்ல விலக்கி, கோரைப் பல்லுக்குப் பின்னால், கன்னத்துக்கும் பல் வரிசைக்கும் இடையே உள்ள பையில் சிரிஞ்சின் முனையை வையுங்கள். வாயைத் திறக்கத் தேவையே இல்லை. முனை தொண்டையை நோக்கி இல்லாமல் எதிர்க் கன்னத்தை நோக்கி இருக்க வேண்டும். 0.2 முதல் 0.5 மி.லி. வரை விட்டு நிறுத்தி, நாக்கு அசைந்து விழுங்குவதைப் பார்த்த பிறகே அடுத்ததை விடுங்கள். இருமினால் உடனே நிறுத்தி, தலையைத் தாழ்த்த விட்டு, மூச்சு சீரான பிறகு தொடரலாம். வழிந்து போன மருந்துக்கு ஈடாக ஊகித்து மீண்டும் கொடுக்கக் கூடாது. மலச்சிக்கலுக்கென்று விளக்கெண்ணெயோ திரவ பாரஃபினோ வாயில் ஊற்றுவது கூடவே கூடாது. பாரஃபினுக்குச் சுவை இல்லை என்பதால் நாய் விழுங்கும் உணர்வே இல்லாமல் அது மூச்சுக்குழாய்க்குள் வழுக்கிச் சென்றுவிடும். மருந்து கொடுத்த ஒன்றிரண்டு நாட்களில் இருமல், வேகமான மூச்சு, சோர்வு, காய்ச்சல் தெரிந்தால் இப்படி ஏதேனும் நேர்ந்திருக்கலாம் என்பதை மருத்துவரிடம் மறைக்காமல் சொல்லுங்கள்.

உண்ணி மருந்துகள், சொட்டு மருந்துகள்

தோலில் விடும் உண்ணி மருந்துகளும் மெல்லும் மாத்திரைகளும் எடை வகுப்புப்படி விற்கப்படுகின்றன. ஃபிப்ரோனில் சொட்டு மருந்தில் சிறிய நாய்க்கானது 0.67 மி.லி.; அஃபாக்சோலேனர் என்ற மெல்லும் மாத்திரையில் 2 முதல் 4 கிலோ வரை உள்ள நாய்க்கானது 11.3 மி.கி. மாத்திரை. பெரிய நாய்க்கான குழலை வாங்கி வீட்டு நாய்களுக்குப் பங்கிட்டால் செலவு குறையும் என்ற எண்ணம் 2 கிலோ நாயின் உயிரோடு விளையாடுவதாகும். 2 கிலோவுக்குக் குறைந்த நாய்க்கும் 8 வாரம் ஆகாத குட்டிக்கும் இவற்றில் எதையும் கேட்காமல் பயன்படுத்த வேண்டாம். முன்பு வலிப்பு வந்த நாயாக இருந்தால் அதையும் முதலிலேயே சொல்லிவிடுங்கள். நீரில் கலந்து குளிப்பாட்டும் அமிட்ராஸ் மருந்தைச் சிவாவாக்களுக்குப் பயன்படுத்தக் கூடாது என்று சில தயாரிப்புகளின் தாளிலேயே எழுதியிருக்கிறது. மற்ற டாய் ரகங்களும் அதன் மயக்கும் தன்மைக்கு எளிதில் ஆட்படும். உடல் எடையோடு ஒப்பிட்டால் இவற்றின் தோல் பரப்பு அதிகம், நக்கி விழுங்குவதும் அதற்கு மேல் சேரும்.

கண் சொட்டு மருந்து விடும்போது முன்னிருந்து கையை நீட்டாமல், பின்னிருந்து தாடையைத் தாங்கி, மேல் இமையை உயர்த்தி, முனை விழியில் படாமல் ஒரு சொட்டு விட்டால் போதும். இரண்டு மருந்துகள் இருந்தால் இடையே 5 நிமிடம் விடுங்கள். முன்பு வாங்கி மீந்த ஸ்டீராய்டு சொட்டு மருந்தைச் சிவந்த கண்ணில் விடாதீர்கள். பக், ஷிட்சு நாய்களின் கண்ணில் கருவிழிப் புண் எளிதில் வரும். ஸ்டீராய்டு அதை ஆழமாக்கி விழியையே துளைத்துவிடக்கூடும். காதுச் சொட்டு மருந்தை விடும் முன் புட்டியை உள்ளங்கையில் சற்று நேரம் வைத்திருந்து குளிர்ச்சி நீக்கினால் நாய் திடுக்கிடாது.

வேளை தவறினாலும் வாந்தி எடுத்தாலும்

கூட்டுக் குடும்பங்களில் ஒரே வேளை மருந்தை இருவர் கொடுத்துவிடுவது நடக்கிறது. குளிர்சாதனப் பெட்டியின் கதவில் ஒரு தாளை ஒட்டி, கொடுத்தவர் நேரத்தோடு குறிப்பது என்று வீட்டில் ஒப்புக்கொள்ளுங்கள். ஒரு வேளை தவறினால் அடுத்த வேளைக்கு இரண்டு மடங்காகக் கொடுக்கக் கூடாது. நினைவு வந்தபோது அடுத்த வேளை நெருங்கிவிட்டிருந்தால் தவறியதை விட்டுவிடுவதே பொதுவான முறை. வலிப்பு மருந்தானால் மட்டும் உடனே மருத்துவரைக் கேளுங்கள். கொடுத்த சற்று நேரத்தில் வாந்தி எடுத்தால், மாத்திரைத் துண்டு அதில் இருக்கிறதா என்று பார்த்துச் சொல்லிவிட்டு, அவர் சொன்னால் மட்டுமே மீண்டும் கொடுங்கள். பிரெட்னிசலோன் என்ற ஸ்டீராய்டு, ஃபீனோபார்பிடோன் ஆகியவற்றை நாய் தேறிவிட்டது என்று கருதி நீங்களே நிறுத்தக் கூடாது. படிப்படியாகத்தான் குறைக்க வேண்டும். பிரெட்னிசலோனோடு மெலாக்சிகாம் போன்ற வலி மருந்தைச் சேர்த்துக் கொடுத்தால் குடலில் புண்ணும் இரத்தக் கசிவும் உண்டாகும். இரு மருத்துவர்களிடம் காட்டும்போது, முன்பு எழுதிய சீட்டை இரண்டாமவரிடம் கட்டாயம் காட்டுங்கள்.

சிறு குட்டிகளிடம் இன்னொன்றையும் கவனிக்க வேண்டும். மருந்தின் விளைவாலோ நோயாலோ சில வேளை உணவு உண்ணாமல் போனாலே அவற்றின் இரத்தச் சர்க்கரை சரிந்துவிடும். தள்ளாட்டம், நடுக்கம், வெறித்த பார்வை, துவண்ட கழுத்து ஆகியவை அதன் அறிகுறிகள். அப்போது தேனையோ கரைத்த குளுக்கோஸையோ விரலில் தொட்டு ஈறுகளில் தேய்த்தபடி மருத்துவமனைக்குப் புறப்பட வேண்டும். நினைவு தப்பிய நாயின் வாயில் எதையும் ஊற்றக் கூடாது. வெறும் வயிற்றில் கொடுக்கச் சொன்ன மருந்து எதுவானாலும், குட்டியை எத்தனை மணி நேரம் பட்டினி போடலாம் என்பதைக் கேட்டுக்கொள்ளுங்கள்.

அளவு மீறிப் போய்விட்டது என்று தெரிந்தாலோ, மருந்துக்குப் பின் முகம் வீங்குதல், ஈறு வெளிறுதல் அல்லது பழுப்பாதல், கருத்த சிறுநீர், கரிய மலம், வலிப்பு ஆகியவற்றில் ஒன்று தெரிந்தாலோ அறிகுறி முற்றும் வரை காத்திருக்க வேண்டாம். வாந்தி எடுக்க வைப்பதற்காக உப்பு நீர் கொடுக்காதீர்கள். ஒரு தேக்கரண்டி உப்பு சுமார் 6 கிராம், 2.5 கிலோ நாய்க்கு அதுவே உப்பு நஞ்சேறும் அளவு. பாரசிட்டமாலுக்கு அசிட்டைல்சிஸ்டீன் என்ற, நஞ்சை முறிக்கும் மருந்து உண்டு, ஆனால் அது நேரத்தோடு கிடைத்தால்தான் பயன்படும். இரவில் திறந்திருக்கும் கால்நடை மருத்துவமனை எது என்பதை நாய் நலமாக இருக்கும் நாளிலேயே விசாரித்து எண்ணைக் குறித்து வையுங்கள். சென்னை வேப்பேரியில் உள்ள மெட்ராஸ் கால்நடை மருத்துவக் கல்லூரி, நாமக்கல், ஒரத்தநாடு, திருநெல்வேலி கால்நடை மருத்துவக் கல்லூரிகள் ஆகியவற்றோடு இணைந்த மருத்துவமனைகள் உள்ளன. அவற்றின் நேரத்தையும் முன்கூட்டியே கேட்டறியலாம். புறப்படும்போது மருந்து அட்டையையும் புட்டியையும் கையோடு எடுத்துக்கொள்ளுங்கள். எவ்வளவு, எத்தனை மணிக்கு உள்ளே போயிற்று என்பதையும், கடைசியாகப் பார்த்த எடையையும் எழுதிக்கொண்டு போனால், மருத்துவர் அங்கே கணக்கில் செலவிடும் நேரம் நாய்க்கு மிச்சமாகும்.